போர்த்துகீசிய மொழியில் ஆப்பிரிக்கா எழுதியது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆப்பிரிக்க இலக்கியம் என்றதும் அச்செபி, சொயிங்கா, கூகி வா தியாங்கோ என ஆங்கிலக் காலனிகளின் பெயர்கள்தான் நம் வாசகர்களுக்கு வரிசையாக நினைவுக்கு வரும். அங்கோலாவும் மொசாம்பிக்கும் அந்த வரிசையில் அபூர்வமாகவே இடம்பெறுகின்றன. இந்த நூல்களைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் திரும்பத் திரும்ப எழும் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். எனக்கு நெருக்கமானது ஆப்பிரிக்கப் பகுதி. அதற்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன். பிரேசிலும் கோவாவும் சுருக்கமாக வரும்.

போர்த்துகீசிய மொழி உலகம் என்பது எந்தெந்த நாடுகள்?

போர்ச்சுகல், பிரேசில் இரண்டையும் எல்லோருக்கும் தெரியும். ஆப்பிரிக்காவில் ஐந்து நாடுகள்: அங்கோலா, மொசாம்பிக், கினி-பிசாவு, கேப் வெர்டே, சாவோ தோமே பிரின்சிப்பி. ஆசியாவில் கிழக்குத் திமோர். கோவா, டாமன், டையூ, மக்காவ் ஆகியவையும் போர்த்துகீசிய ஆட்சியில் இருந்தவை.

இவை எல்லாம் ஒரே காலத்தில் விடுபடவில்லை. பிரேசில் 1822-இல் தனி நாடானது. கோவாவில் போர்த்துகீசிய ஆட்சி முடிந்தது 1961 டிசம்பர் 19 அன்று. ஆப்பிரிக்க நாடுகளின் விடுதலை 1974, 75-இல் அங்கீகாரம் பெற்றது. கிழக்குத் திமோர் 1975 நவம்பர் 28-இல் விடுதலையை அறிவித்து, ஒன்பதே நாளில் இந்தோனேசியப் படையெடுப்புக்கு ஆளாகி, 2002 மே 20 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. எனவே 'பின்காலனிய இலக்கியம்' என்ற ஒரே சொல்லை இந்த நாடுகள் அனைத்துக்கும் போடும்போது கவனம் தேவை. பிரேசில் எழுத்தாளர் 200 ஆண்டுக்கு முந்தைய விடுதலையைத் திரும்பிப் பார்க்கிறார். அங்கோலா எழுத்தாளர் தன் பள்ளிப் பருவத்தில் நடந்ததை எழுதுகிறார்.

பிரிட்டனும் பிரான்சும் 1960-களிலேயே பெரும்பாலும் வெளியேறிவிட்டன. போர்ச்சுகல் மட்டும் ஏன் 1974 வரை விடவில்லை?

போர்ச்சுகலை அப்போது ஆண்டது சலாசாரின் சர்வாதிகாரம். 1932-இல் பிரதமரான அவர் 1968-இல் உடல்நலம் குன்றும்வரை பதவியில் இருந்தார். ஐரோப்பாவின் ஏழை நாடுகளில் ஒன்றான போர்ச்சுகல் தன்னைப் பெரிய நாடாக நினைத்துக்கொள்ள அவருக்குக் காலனிகள் தேவைப்பட்டன. 1951-இல் அரசியல் சட்டத்தைத் திருத்தி, 'காலனி' என்ற பெயரையே எடுத்துவிட்டு 'கடல்கடந்த மாகாணங்கள்' என்று மாற்றினார்கள். எங்களிடம் காலனியே இல்லை, இது ஒரே நாடு என்று ஐ.நா. சபையில் வாதாடுவதற்கு அது வசதியாக இருந்தது.

அதற்கு ஒரு கோட்பாட்டு அலங்காரமும் கிடைத்தது. வெப்பமண்டல மக்களோடு கலந்து வாழும் இயல்பு போர்த்துகீசியருக்கு உண்டு, மற்ற ஐரோப்பியரைப் போல அவர்கள் இனவெறியர்கள் அல்லர் என்று பிரேசில் சமூகவியலாளர் ஜில்பெர்த்தோ ஃப்ரெய்ரே எழுதிவந்தார். லூசோ-டிராப்பிகலிசம் என்று பெயர் பெற்ற அந்தக் கருத்தை 1950-களில் சலாசார் அரசு கையில் எடுத்துக்கொண்டது.

நடைமுறை வேறாக இருந்தது. அங்கோலா, மொசாம்பிக், கினி (இன்றைய கினி-பிசாவு) ஆகிய மூன்று நாடுகளிலும் 1961 வரை மக்களைச் சட்டமே இரண்டாகப் பிரித்தது. பெரும்பான்மையினர் 'பூர்வகுடிகள்'. அவர்களுக்குக் குடியுரிமை இல்லை. கட்டாய உழைப்புக்கு அவர்களைப் பிடித்துக்கொண்டு போகலாம். போர்த்துகீசியம் பேசி, ஐரோப்பிய முறையில் வாழ்ந்து, வருமானத்தையும் நடத்தையையும் அதிகாரிகள் முன் நிரூபித்தவர்களுக்கு மட்டும் 'அசிமிலாடோ' என்ற தகுதி. அப்படித் தகுதி பெற்றவர்கள் அங்கோலாவிலும் மொசாம்பிக்கிலும் கறுப்பின மக்களில் ஒரு சதவீதம்கூட இல்லை.

1961-இல் அங்கோலாவிலும் 1963-இல் கினியிலும் 1964-இல் மொசாம்பிக்கிலும் ஆயுதப் போர் வெடித்தது. போர்த்துகீசியப் படையில் மட்டும் ஏறக்குறைய 9,000 பேர் இறந்தனர். கடைசியில் அந்தப் போரில் களைத்துப்போன இளம் ராணுவ அதிகாரிகளே 1974 ஏப்ரல் 25 அன்று லிஸ்பனில் ஆட்சியைக் கவிழ்த்தார்கள். துப்பாக்கி முனைகளில் மக்கள் கார்னேஷன் பூக்களைச் செருகிய அந்தப் புரட்சிக்கு ஆப்பிரிக்கப் போராளிகளின் 13 ஆண்டுப் போரே வழி திறந்தது. போர்ச்சுகலுக்கு ஜனநாயகம் வந்ததில் ஆப்பிரிக்காவுக்கு இருக்கும் பங்கை அழுத்திச் சொல்லாத வரலாறுகள் எனக்கு இன்றும் வருத்தம் தருகின்றன.

இந்த இலக்கியம் எங்கே உருவானது?

பல இடங்களில். ஆனால் ஒரு கட்டடத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். 1944-இல் லிஸ்பனில் 'பேரரசின் மாணவர் இல்லம்' என்ற அமைப்பு அரசின் ஆதரவோடு தொடங்கப்பட்டது. காலனிகளிலிருந்து உயர்கல்விக்கு வரும் மாணவர்களை ஒரே கூரையின்கீழ் வைத்துக் கண்காணிக்கலாம், பேரரசுக்கு விசுவாசமாக வளர்க்கலாம் என்பது கணக்கு. அங்கோலாவில் ஒரு பல்கலைக்கழகம்கூட இல்லாத காலம் அது. மருத்துவமோ வேளாண்மையோ படிக்க வேண்டுமென்றால் கப்பலேறித்தான் ஆக வேண்டும்.

அந்த வட்டத்தில் யார் யார் சந்தித்துக்கொண்டார்கள் என்று பாருங்கள். மருத்துவம் படித்த கவிஞர் அகுஸ்தீன்யோ நேத்தோ பிற்பாடு அங்கோலாவின் முதல் குடியரசுத் தலைவர். வேளாண் பொறியாளர் அமில்கார் கப்ரால் கினி-பிசாவு, கேப் வெர்டே விடுதலை இயக்கத்தின் தலைவர். சாவோ தோமேயின் கவிஞர் அல்டா எஸ்பிரித்தோ சாந்தோ தன் நாட்டின் தேசிய கீதத்தை எழுதியவர். அவரவர் ஊரில் இருந்திருந்தால் ஒருவரையொருவர் அறிந்திருக்கவே மாட்டார்கள். இல்லத்தில் இதழ் நடத்தினார்கள், கவிதைத் தொகுப்புகள் வெளியிட்டார்கள். 1965-இல் ரகசிய போலீஸ் அதை இழுத்து மூடியது. அதற்குள் அங்கே பழகியவர்களில் பலர் காடுகளுக்கும் சிறைகளுக்கும் அயல்நாடுகளுக்கும் போய்விட்டிருந்தார்கள்.

கவிஞர்களே போராளிகளாக, போராளிகளே ஆட்சியாளர்களாக ஆன இந்தத் தொடக்கத்தை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். விடுதலைக்குப் பிறகு வந்த எழுத்தின் வலியும் துணிவும் இதிலிருந்துதான் வருகின்றன.

லுவாண்டினோ வியெய்ராவுக்கு ஏன் இவ்வளவு முக்கியத்துவம்?

அங்கோலா உரைநடையை அவருக்கு முன், அவருக்குப் பின் என்று பிரிக்கலாம் என்பதால். 1935-இல் போர்ச்சுகலில் பிறந்து, குழந்தைப் பருவத்திலேயே அங்கோலாவின் தலைநகர் லுவாண்டாவுக்கு வந்து, அந்த நகரத்தின் 'முசேக்' எனப்படும் செம்மண் குடிசைப் பகுதிகளில் வளர்ந்த வெள்ளையர் அவர். இயற்பெயர் ஜோசே வியெய்ரா மாத்தேயஸ் ட கிராசா. லுவாண்டாவின் பெயரையே தன் பெயராக்கிக்கொண்டார். 1961-இல் கைதாகி 14 ஆண்டு தண்டனை பெற்றார். அதில் எட்டு ஆண்டுகள், 1964 முதல் 1972 வரை, கேப் வெர்டேயின் தர்ராஃபல் வதைமுகாமில் கழிந்தன.

'லுவாண்டா' என்ற அவருடைய கதைத் தொகுப்பு சிறையில் எழுதப்பட்டது. மூன்றே கதைகள். மூன்றாவது கதை ஒரு கோழியையும் ஒரு முட்டையையும் பற்றியது. செஃபா என்பவளின் கோழி, பக்கத்து வீட்டு பீனாவின் முற்றத்தில் முட்டையிட்டுவிடுகிறது. கோழி என்னுடையது, முட்டையும் என்னுடையது என்கிறாள் செஃபா. என் சோளத்தைத் தின்று என் வீட்டில் இட்டதால் என்னுடையது என்கிறாள் பீனா. அவள் நிறைமாதக் கர்ப்பிணி. கணவன் சிறையில். முட்டை சாப்பிட ஆசை. கிழவி பெபெகா இருவரையும் உட்கார வைத்து, விவரம் தெரிந்தவர்கள் என்று சிலரைக் கூப்பிட்டு நியாயம் கேட்கிறாள். கடைக்காரர் வருகிறார், பாதிரியார் படிப்புப் படிக்கும் பையன் வருகிறான், வீட்டுச் சொந்தக்காரர் வருகிறார், சட்டம் தெரிந்ததாகச் சொல்லிக்கொள்ளும் ஒரு முன்னாள் குமாஸ்தா வருகிறார். ஒவ்வொருவரும் ஒரு வாதத்தைச் சொல்லி முட்டையைத் தன் பக்கம் இழுக்கப் பார்க்கிறார்கள். கடைசியில் போலீஸ் வந்து, கூட்டம் கூடியது குற்றம் என்று கோழியையே எடுத்துக்கொண்டு போகப் பார்க்கிறது. இரண்டு சிறுவர்கள் மறைவாக நின்று சேவல் மாதிரி கூவுகிறார்கள். கோழி போலீஸ்காரன் கையிலிருந்து திமிறிப் பறந்துவிடுகிறது. செஃபா முட்டையை பீனாவிடம் கொடுத்துவிடுகிறாள்.

காலனியம் என்ற சொல்லே இந்தக் கதையில் வேலை செய்வதில்லை. ஆனால் வணிகம், மதம், சொத்து, சட்டம், ஆயுதம் என்று காலனியத்தின் ஐந்து கைகளும் ஒரு ஏழைப் பெண்ணின் முட்டையை நோக்கி வரிசையாக நீள்கின்றன. கதை முழுக்க லுவாண்டா மக்களின் கிம்புண்டு மொழியின் வாக்கிய அமைப்பும் பேச்சோசையும் போர்த்துகீசியத்துக்குள் புகுந்திருக்கின்றன. லிஸ்பன் வாசகருக்குத் தன் மொழியே பாதி அந்நியமாகத் தெரிந்திருக்கும்.

1965-இல் போர்த்துகீசிய எழுத்தாளர் சங்கம் இந்தத் தொகுப்புக்கு விருது அறிவித்தது. ஆசிரியர் அப்போது தர்ராஃபலில் கைதி. சங்க அலுவலகம் சூறையாடப்பட்டது, சங்கத்தையே அரசு கலைத்தது, நடுவர்களில் சிலர் கைதானார்கள். ஒரு சிறுகதைத் தொகுப்புக்காக எழுத்தாளர் சங்கத்தையே ஒழித்த அரசு அது.

அடக்கியவர்களின் மொழியில் ஏன் எழுத வேண்டும்? சொந்த மொழியில் எழுதியிருக்கலாமே?

இந்தக் கேள்வி தமிழர்களிடமிருந்து கட்டாயம் வரும், வர வேண்டியதும்தான். நான் புரிந்துகொண்ட அளவில் சொல்கிறேன்.

முதலில் நடைமுறை. எழுத்தாளர்கள் படித்த பள்ளிகளில் ஆப்பிரிக்க மொழிகளுக்கு இடமே இல்லை. விடுதலையின்போது மொசாம்பிக்கில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் எழுத்தறிவில்லை. இரண்டாவது அரசியல். மக்குவா, சங்கானா, சேனா, ரோங்கா என்று பல மொழிகள் பேசும் மொசாம்பிக்கில் ஏதாவது ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் மற்றவர்கள் ஒதுக்கப்பட்டதாக உணர்வார்கள் என்று விடுதலை இயக்கம் கருதியது. போர்த்துகீசியர் விட்டுச்சென்றவற்றில் சிறந்தவற்றில் ஒன்று அவர்களுடைய மொழி என்று கப்ராலே தன் தோழர்களிடம் சொன்னார். மொழியை ஒரு கருவியாகப் பார்த்தவர் அவர்.

அந்த முடிவுக்கு விலையும் உண்டு. அங்கோலாவின் 2014 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 71 சதவீதம் பேர் வீட்டில் போர்த்துகீசியம் பேசுவதாகச் சொன்னார்கள். காலனி ஆட்சி சாதிக்காததை விடுதலையும் போரும் நகர்ப்பெயர்ச்சியும் சாதித்தன. கிம்புண்டுவும் உம்புண்டுவும் நகரத்துப் பிள்ளைகளிடம் தேய்கின்றன. மொசாம்பிக்கில் நிலைமை வேறு. அங்கே 2017-இலும் போர்த்துகீசியத்தைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள் ஆறில் ஒருவர்தான். அதாவது, இந்த நாவல்களைப் பெரும்பான்மை மொசாம்பிக்கியர் தாய்மொழியில் படிப்பதில்லை. இந்த எழுத்தை எவ்வளவு நேசித்தாலும் இந்த உண்மையை மறைக்கக் கூடாது.

லுவாண்டினோ, மியா கோட்டோ, பெப்பெட்டெலா எல்லாம் வெள்ளையர்கள். அவர்களை ஆப்பிரிக்க எழுத்தாளர்கள் என்று சொல்லலாமா?

நான் சொல்வேன். மூவரும் தங்கள் நாடுகளின் விடுதலை இயக்கங்களோடு நின்றவர்கள். லுவாண்டினோ சிறையில், அங்கோலாவின் பெப்பெட்டெலா கொரில்லாப் படையில். 1955-இல் மொசாம்பிக்கின் பெய்ரா நகரில் பிறந்த மியா கோட்டோ மருத்துவப் படிப்பை விட்டுவிட்டு விடுதலை இயக்கத்தின் சார்பில் பத்திரிகைப் பணிக்குப் போனார். பிறகு உயிரியலாளர் ஆனார்.

ஆனால் கேள்வியின் இன்னொரு பாதி நியாயமானது. உலகச் சந்தையில் அதிகம் மொழிபெயர்க்கப்பட்டு, அதிகம் பேசப்படும் அங்கோலா, மொசாம்பிக் எழுத்தாளர்களில் வெள்ளையர்களின் பங்கு மக்கள்தொகையோடு ஒப்பிட்டால் மிக அதிகம். யாருக்குப் பள்ளி கிடைத்தது, யாருக்கு லிஸ்பன் பதிப்பகங்களின் அறிமுகம் கிடைத்தது என்பதில் காலனியத்தின் நிழல் இருக்கிறது. அதனால் மியா கோட்டோவைப் படிப்பவர்கள் ஜோசே க்ராவெய்ரின்யாவையும் படிக்க வேண்டும் என்று வற்புறுத்துவேன். போர்த்துகீசியத் தந்தைக்கும் ரோங்கா தாய்க்கும் 1922-இல் பிறந்த கவிஞர் அவர். அவருடைய புகழ்பெற்ற கவிதை ஒன்றில் பேசுவது நிலக்கரி. முதலாளி மண்ணிலிருந்து தன்னைப் பிடுங்கி எரிப்பதை அது ஏற்றுக்கொள்கிறது, எரிந்தபடியே, ஒருநாள் உன்னையும் எரிப்பேன் என்கிறது.

விடுதலை கிடைத்த பிறகு என்ன எழுதினார்கள்?

என்னைப் பொறுத்தவரை இந்த இலக்கியத்தின் உயரமே இங்கேதான் இருக்கிறது. எதிரி போன பிறகு, தாங்களே உருவாக்கிய இயக்கத்தை, தங்கள் தோழர்களை, அதே கண்ணால் பார்த்தார்கள்.

பெப்பெட்டெலாவின் 'மயோம்பே' நாவல் 1970, 71-இல் கபிண்டா காட்டில் போர்முனையில் எழுதப்பட்டு 1980-இல் வெளியானது. தொடக்கத்தில் ஒரு நிகழ்ச்சி. மரம் வெட்டும் கம்பெனியின் தொழிலாளிகளைக் கொரில்லாக்கள் பிடிக்கிறார்கள், அரசியல் பேசுகிறார்கள், உடைமைகளைத் திருப்பிக் கொடுத்து அனுப்புகிறார்கள். ஒரு தொழிலாளியின் பணம் மட்டும் காணோம். திருடியவன் தங்களில் ஒருவன். அந்தப் பணத்தைத் திருப்பிக் கொடுக்க உயிரைப் பணயம் வைத்து மறுபடியும் கிளம்புகிறார்கள். மக்களுக்காகப் போராடுகிறோம் என்பவர்கள் ஒரு கூலித் தொழிலாளியின் பணத்தை எப்படிப் பார்க்கிறார்கள் என்பதில் முழுப் புரட்சியும் சோதிக்கப்படுகிறது. போராளிகளுக்குள் இருக்கும் இனக்குழுப் பகைகளையும் பதவி ஆசையையும் ஆளாளுக்கு வந்து தன் குரலில் சொல்லும் நாவல் அது. நூல் வெளிவந்தபோது ஆசிரியர் கல்வித் துணை அமைச்சர் என்பதையும் சேர்த்து எண்ணிப் பாருங்கள்.

1992-இல் அவர் எழுதிய 'கற்பனாலோகத் தலைமுறை' இன்னும் கடுமையானது. 1961-இல் லிஸ்பன் மாணவர் இல்லத்தில் கனவு கண்ட இளைஞர்கள், போரைக் கடந்து, 1990-களில் யாராக ஆனார்கள்? ஒருவன் அமைச்சர். ஒருவன் தரகு வியாபாரி. ஒருவன் மதம் தொடங்கிப் பணம் சேர்க்கிறான். நேர்மையாக எஞ்சியவன் கடலோரத்தில் ஒதுங்கி வாழ்கிறான்.

அங்கோலா பேச அஞ்சிய ஒரு நாள் உண்டு. 1977 மே 27. ஆளும் கட்சிக்குள் எழுந்த கலகம் ஒன்று அடக்கப்பட்டது. தொடர்ந்து வந்த வேட்டையில் ஆயிரக்கணக்கானோர் விசாரணையின்றிக் கொல்லப்பட்டனர். அப்போது குடியரசுத் தலைவர் கவிஞர் நேத்தோ. பல ஆண்டுகள் அது வாய்திறக்கக் கூடாத விஷயமாக இருந்தது. ஜோசே எதுவார்தோ அகுவாலூசா 1996-இல் வெளியிட்ட 'மழைக்காலம்' நாவலில் அந்த நாட்களைத் தொட்டார். அரசு சார்பில் குடியரசுத் தலைவர் மன்னிப்புக் கேட்டது 2021-இல்தான்.

மொசாம்பிக்கில் 1977 முதல் 1992 வரை உள்நாட்டுப் போர். சுமார் பத்து லட்சம் பேர் மாண்டனர். மியா கோட்டோவின் 'துயிலில் நடக்கும் நிலம்' சமாதான ஒப்பந்தம் கையெழுத்தான அதே 1992-இல் வெளியானது. அகதி முகாமிலிருந்து தப்பிய ஒரு கிழவரும் சிறுவனும் சாலையில் எரிந்து கிடக்கும் பேருந்தில் தங்குகிறார்கள். உள்ளே கருகிய பிணங்களை அப்புறப்படுத்திப் புதைக்கிறார்கள். அருகே கிடந்த பெட்டியில் இறந்தவன் ஒருவனின் குறிப்பேடுகள். இரவானால் சிறுவன் வாசிக்கிறான், கிழவர் கேட்கிறார். மறுநாள் வெளியே பார்த்தால் நிலக்காட்சி மாறியிருக்கிறது. அந்தக் குறிப்பேடுகளில் சுரேந்திரா என்ற இந்தியக் கடைக்காரர் வருகிறார். எல்லோராலும் அந்நியராகப் பார்க்கப்படும் அவர், இந்தியப் பெருங்கடல்தான் தன் தாயகம், அதன் கரைகளில் வாழ்பவர்கள் எல்லோரும் ஒரே இனம் என்று எண்ணுகிறவர். கடைசியில் அவர் கடையையும் எரித்துவிடுகிறார்கள். நம் ஊர் வாசகர் அந்தப் பக்கங்களை எளிதில் கடந்துபோக முடியாது.

இளைய தலைமுறையில் 1977-இல் லுவாண்டாவில் பிறந்த ஒந்ஜாகியைச் சொல்ல வேண்டும். 'வணக்கம், தோழர்களே' என்ற சிறு நாவலில் கியூபா ஆசிரியர்கள், ரேஷன் அட்டை, சோவியத் படைவீரர்கள் எல்லாவற்றையும் ஒரு பள்ளிச் சிறுவன் அன்போடு சொல்கிறான். வீட்டுச் சமையல்காரர் தோழர் அந்தோனியோ, வெள்ளைக்காரன் காலத்தில் இப்படியெல்லாம் இல்லை தம்பி என்று அடிக்கடி முணுமுணுக்கிறார். சிறுவன் அவரோடு வாதாடுகிறான். யார் சொல்வது சரி என்று நாவல் தீர்ப்பளிக்கவில்லை.

பெண்கள் எழுத்து எப்படி?

தாமதமாக அச்சேறியது, தாமதமாகப் பாராட்டப்பட்டது. மொசாம்பிக்கின் நொயெமியா டி சூசா தன் கவிதைகளில் பெரும்பாலானவற்றை 1948-க்கும் 1951-க்கும் இடையில், இருபத்தைந்து வயதுக்குள் எழுதி முடித்துவிட்டார். உருட்டச்சுப் பிரதிகளாகக் கைமாறிக் கைமாறி அவை காலனிகள் எங்கும் போய்ச் சேர்ந்தன. நூலாக வந்தது 2001-இல். அடுத்த ஆண்டு அவர் காலமானார்.

பவுலினா சிசியானே 1990-இல் வெளியிட்ட நாவல்தான் மொசாம்பிக் பெண் ஒருவரின் முதல் நாவல். அவருடைய பெரும்படைப்பு 2002-இல் வந்த 'நிகெட்சே'. ராமி என்பவள் போலீஸ் உயரதிகாரி டோனியின் மனைவி. இருபது ஆண்டு இல்லறத்துக்குப் பிறகு, கணவனுக்கு வேறு நான்கு குடும்பங்கள் இருப்பதைக் கண்டுபிடிக்கிறாள். முதலில் போய் அடிதடி. பிறகு அந்தப் பெண்களின் வீடுகளில் உட்கார்ந்து பேசுகிறாள். அவர்கள் நாட்டின் வெவ்வேறு பகுதிகளைச் சேர்ந்தவர்கள். வடக்கே மக்குவா பெண்களின் உலகம் தெற்கத்திப் பெண்ணான ராமிக்கு அதிர்ச்சியாகவும் பொறாமையாகவும் இருக்கிறது. மெல்ல ஐவரும் ஒன்றுசேர்ந்து, சிறுவியாபாரம் தொடங்கி, சொந்தக் காலில் நிற்கிறார்கள். டோனியின் ஐம்பதாவது பிறந்தநாள் விருந்துக்கு எல்லா மனைவியரும் எல்லாப் பிள்ளைகளோடும் நல்ல உடையணிந்து வரிசையாக வந்து நிற்கும் காட்சி மறக்கவே முடியாதது.

இந்த நாவல் யாருக்கும் வசதியானதல்ல. ஒருதார மணத்தைப் புகுத்திய கிறித்தவக் காலனியம், பாரம்பரியம் என்று சொல்லி விதவையின் தலையை மழித்து மைத்துனனிடம் ஒப்படைக்கும் வழக்கம், சமத்துவம் பேசிய புரட்சிக் கட்சி, மூன்றையும் ஒரே மூச்சில் கேள்வி கேட்கிறது. சிசியானே தன்னை நாவலாசிரியர் என்று சொல்லிக்கொள்வதைவிடக் கதைசொல்லி என்று சொல்லிக்கொள்வதையே விரும்புகிறவர்.

கேப் வெர்டே தீவுகளுக்குத் தனி மரபு உண்டா?

உண்டு. வறட்சியும் பஞ்சமும் கப்பலேறிப் போவதுமே அதன் பொருள். 1936-இல் மிண்டேலோ நகரில் தொடங்கிய 'கிளாரிதாதே' இதழ் தீவு வாழ்க்கையைத் தன் பாடுபொருளாக்கியது. அதன் நிறுவனர்களில் ஒருவரான பால்த்தசார் லோப்பெஸ் எழுதிய 'சிக்கின்யோ' நாவலில் படித்த இளைஞன் ஒருவன் பஞ்சத்தைப் பார்த்துக்கொண்டே இருந்து கடைசியில் அமெரிக்காவுக்குக் கிளம்புகிறான். 1940-களின் பஞ்சங்களில் பல்லாயிரம் பேர் இறந்தபோது லிஸ்பன் போதிய உணவு அனுப்பவில்லை. உயிர்பிழைக்க சாவோ தோமேயின் கொக்கோத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகப் போனார்கள். செசாரியா எவோரா வெறுங்காலோடு மேடையேறிப் பாடிய, உலகப் புகழ்பெற்ற 'சோதாதே' பாடல் அந்தப் பயணத்தைப் பற்றியதே. போர்த்துகீசியமும் ஆப்பிரிக்க மொழிகளும் கலந்து உருவான கிரியோல் மொழியில் பாடப்படும் அந்த மோர்னா இசை 2019-இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்றது. கேப் வெர்டேயைப் பொறுத்தவரை புத்தகத்தையும் பாட்டையும் சேர்த்தே அணுக வேண்டும்.

போர்ச்சுகல் எழுத்தாளர்கள் தங்கள் காலனியத்தை எதிர்கொண்டார்களா?

அரசும் பாடப்புத்தகங்களும் தயங்கிய இடத்தில் நாவலாசிரியர்கள் சிலர் துணிந்தார்கள். 1971 முதல் 1973 வரை அங்கோலாப் போரில் ராணுவ மருத்துவராக இருந்த அந்தோனியோ லோபோ அந்துனெஸ் 1979-இல் எழுதிய நாவலில், ஒருவன் மதுக்கடையில் சந்தித்த பெண்ணிடம் இரவெல்லாம் போரைப் பற்றிப் பேசுகிறான். நாவல் முழுக்க அந்த ஒரே இரவின் பேச்சு. லிடியா ஜோர்ஜ் 1988-இல் மொசாம்பிக்கில் இருந்த ராணுவ அதிகாரிகளின் மனைவியர் வழியாக அதே போரைப் பார்த்தார்.

1974, 75-இல் ஆப்பிரிக்காவிலிருந்து ஐந்து லட்சம் பேருக்கு மேல் போர்ச்சுகலுக்குத் திரும்பினார்கள். துல்சே மரியா கார்தோசோவின் 'திரும்புதல்' நாவலில் அப்படி வந்த ஒரு குடும்பம் எஸ்தோரிலின் ஐந்து நட்சத்திர ஓட்டலில் அகதிகளாகக் குடியேறுகிறது. ஆனால் என்னை உலுக்கியது இசபெலா ஃபிகெய்ரெதோ 2009-இல் வெளியிட்ட நினைவுக்குறிப்பு. மொசாம்பிக்கில் மின்பணியாளராக இருந்த தன் தந்தையை அளவுகடந்து நேசித்த மகள், அவர் கறுப்பினத் தொழிலாளிகளை எப்படி அடித்தார், எப்படி ஏசினார் என்று எதையும் மறைக்காமல் எழுதுகிறாள். மென்மையான காலனியம் என்ற கதையை அந்தச் சிறு நூல் உடைத்தது.

பிரேசில் இந்தக் கணக்கில் வருமா?

வரும், வேறு விதமாக. அங்கே விடுதலையை அறிவித்தவர் போர்த்துகீசிய மன்னரின் மகன். அடிமை முறை அதற்குப் பிறகும் 66 ஆண்டுகள், 1888 வரை நீடித்தது. எனவே பிரேசிலின் உண்மையான பின்காலனியக் குரலைக் கறுப்பின எழுத்தாளர்களிடம்தான் தேட வேண்டும். சாவோ பாவ்லோ குடிசைப்பகுதியில் பழைய காகிதம் பொறுக்கி வாழ்ந்த கரோலினா மரியா டி ஜேசுஸ், குப்பையில் கிடைத்த நோட்டுகளில் எழுதிய நாட்குறிப்பு 1960-இல் நூலானது. இத்தமார் வியெய்ரா ஜூனியரின் 'கோணல் கலப்பை' பாயியா மாநிலப் பண்ணையொன்றில் அடிமைகளின் வாரிசுகளைக் காட்டுகிறது. அவர்கள் மண்வீடு மட்டுமே கட்டிக்கொள்ளலாம். செங்கல் வீடு கட்டினால் நிரந்தர உரிமை கோரிவிடுவார்கள் என்று பண்ணையார் தடுக்கிறார்.

கோவாவில் என்ன ஆயிற்று?

போர்த்துகீசியம் படித்த தலைமுறையோடு அந்த எழுத்து ஏறக்குறைய நின்றுவிட்டது. ஒர்லாந்தோ ட கோஸ்தா கோவாவின் நிலமற்ற உழைப்பாளிகளைப் பற்றி எழுதிய நாவல், போர்த்துகீசிய ஆட்சி முடிந்த அதே 1961-இல் வெளிவந்தது. பின்னாளில் போர்ச்சுகலின் பிரதமரான அந்தோனியோ கோஸ்தா அவருடைய மகன். விமலா தேவி என்ற புனைபெயரில் 1963-இல் வந்த 'பருவமழை' சிறுகதைத் தொகுப்பு, கோவாவின் கத்தோலிக்க, இந்துக் குடும்பங்களை அருகிலிருந்து பார்த்த நூல். 1961-க்குப் பின் கோவாவின் படைப்பாற்றல் கொங்கணிக்கும் மராத்திக்கும் ஆங்கிலத்துக்கும் போயிற்று. இலங்கையில் மட்டக்களப்பு, திருகோணமலைப் பறங்கியர் சிலரிடம் போர்த்துகீசியக் கிரியோல் இன்றும் பேச்சு மொழியாக மிஞ்சியிருக்கிறது.

காமொயிஸ் பரிசு என்று அடிக்கடி கேள்விப்படுகிறோம். அது என்ன?

போர்த்துகீசிய மொழியின் மிக உயர்ந்த இலக்கிய விருது. போர்ச்சுகலும் பிரேசிலும் சேர்ந்து 1989 முதல் வழங்குகின்றன. வாஸ்கோ ட காமாவின் கடற்பயணத்தைக் காவியமாகப் பாடியவரின் பெயரில் அமைந்த பரிசு காலனிகளின் எழுத்தாளர்களுக்குப் போவதில் இருக்கும் சங்கடம் வெளிப்படையானது. ஆப்பிரிக்கர்களில் முதலில் பெற்றவர் க்ராவெய்ரின்யா, 1991-இல். பிறகு பெப்பெட்டெலா, மியா கோட்டோ, கேப் வெர்டேயின் அர்மேனியோ வியெய்ரா, ஜெர்மானோ அல்மெய்தா. 2006-இல் லுவாண்டினோவுக்கு அறிவித்தபோது, சொந்தக் காரணங்கள் என்று மட்டும் சொல்லி மறுத்துவிட்டார். 2021-இல் பவுலினா சிசியானே இதைப் பெற்ற முதல் ஆப்பிரிக்கப் பெண்மணி ஆனார்.

எதிலிருந்து தொடங்கலாம்?

முக்கிய நூல்கள் பலவும் ஆங்கில மொழிபெயர்ப்பில் கிடைக்கின்றன. சிறுகதை வாசகராக இருந்தால் லுவாண்டினோவின் கோழிக்கதை. எளிதாக நுழைய வேண்டுமென்றால் ஒந்ஜாகி. அரசியல் நாவல் பிடிக்குமென்றால் 'மயோம்பே', அதன் பின் உடனே 'கற்பனாலோகத் தலைமுறை'. இரண்டையும் இந்த வரிசையில் படித்தால்தான் இடைப்பட்ட இருபது ஆண்டுகளின் கனம் தெரியும். மியா கோட்டோவை மெதுவாகப் படியுங்கள். அவருடைய சொல்விளையாட்டில் ஒரு பங்கு மொழிபெயர்ப்பில் போய்விடுகிறது, கதை போகவில்லை. ஒரே ஒரு நூலுக்குத்தான் நேரம் இருக்கிறது என்பவர்களுக்கு நான் கொடுப்பது 'நிகெட்சே'.